ரயில்வே தொகுதி அனுப்பிய உறுப்பினர்

ஜோதிபாசு என்றால் 1977 முதல் 2000 வரை முதலமைச்சராக இருந்தவர் என்றே நம் பிள்ளைகள் அறிவார்கள். 1946இல் அவரை முதன்முதலாகச் சட்டசபைக்கு அனுப்பியது ரயில்வே தொழிலாளர் தொகுதி. லண்டனில் பாரிஸ்டர் படித்துத் திரும்பியவர், கோர்ட்டுக்குப் போகாமல் சங்கத்துக்கு வந்தார். அவரிடம் தோற்ற ஹுமாயூன் கபீர் லேசுப்பட்டவரல்ல, பேரறிஞர். அந்தச் சபையில் கம்யூனிஸ்டுகள் மூவரே. ஒருவர் டார்ஜிலிங்கின் ரத்தன்லால் பிராமன். வங்காளியல்ல, நேபாளி பேசும் மலைநாட்டார். இதைக் கவனியுங்கள்.

1972இல் பாராநகரில் தோற்றபோதும் பாசு ஓய்ந்துவிடவில்லை.

ரயில்வேக்கென்று தனித் தொகுதி இன்று இல்லை. குடியிருக்கும் வட்டாரத்தில்தான் ஓட்டு. ஊரிலும் பெயரில்லை, இங்கும் பெயரில்லை என்ற குடும்பங்கள் நம்மில் உண்டு. அவர்களுக்கு ஞாயிறன்று சங்க அறையில் படிவம் 6 நிரப்பித் தருகிறோம். பெண்களையும் அழைத்து வாருங்கள்.