செவிலிக்கு எந்த நாற்காலி?



எனக்கு முன்னால் பேசிய எதிரணி ஐயா, "பத்து மாதம் சுமந்தவள், பத்து மாதம் சுமந்தவள்" என்று ஏழு தடவை சொன்னார். நான் எண்ணிக்கொண்டே இருந்தேன். கணக்குப் போட்டால் எழுபது மாதம் வருகிறது! (சிரிப்பு) சுமந்ததை நான் மறுக்கவில்லை ஐயா. இறக்கி வைத்த பிறகு யார் தூக்கியது? பிள்ளையை ஆளாக்குவது பெற்றவளா, வளர்த்தவளா என்பதுதானே இன்றைக்குத் தலைப்பு?

நம்ம வட ஆற்காட்டுப் பக்கம் ஆயா என்றால் பாட்டி. பால்வாடியில் ஆயா என்றால் வேலை பார்க்கிற அம்மா. இந்த இரண்டாவது ஆயா போர்ச்சுகீசியர் கப்பலில் வந்த சொல். அவர்கள் பேச்சில் அது பெரிய வீட்டுப் பிள்ளைகளை வளர்த்து, நல்லது கெட்டது சொல்லிக்கொடுக்கிற பெண்ணைக் குறிக்கும். கப்பலை விட்டு இறங்கும்போது ஆசிரியையாக இருந்தவள், நம்ம தெருவுக்கு நடந்து வருவதற்குள் பால் புட்டி கழுவுகிறவள் ஆகிவிட்டாள்! (சிரிப்பு)

வெள்ளைக்காரன் ஊரில் இவளுக்குக் கவர்னஸ் என்று பெயர். கவர்னர் வேறு, கவர்னஸ் வேறு. அவருக்கு மாளிகை. இவளுக்கு மாடியில் ஓர் அறை. நல்ல குடும்பத்துப் படித்த பெண். அப்பா இறந்திருப்பார், இல்லை நொடித்துப் போயிருப்பார். மரியாதையாகப் பிழைக்க வேறு வழி இல்லை. பணக்கார வீட்டிலேயே தங்கி, பிரெஞ்சு, பியானோ, பூகோளம் எல்லாம் சொல்லித் தரவேண்டும். 1851 கணக்கெடுப்பின்போது இங்கிலாந்தில் இப்படிப்பட்டவர்கள் சுமார் 25,000 பேர். எஜமானி மேஜையில் அவள் சாப்பிட முடியாது, படித்தவள்தான், ஆனால் சம்பளக்காரி. சமையற்கட்டிலும் சாப்பிட முடியாது, சம்பளக்காரிதான், ஆனால் படித்தவள். தட்டை எடுத்துக்கொண்டு எங்கே போவாள்? தன் அறைக்குத்தான்.

சார்லட் பிராண்டி என்ற எழுத்தாளர் 1841-ல் இந்த வேலைக்குப் போனார். வருஷச் சம்பளம் 20 பவுண்டு. துணி வெளுத்த கூலியைப் பிடித்துக்கொண்டது போகக் கையில் நின்றது 16! ஆறு வருஷம் கழித்து, 1847-ல் 'ஜேன் அயர்' என்று ஒரு நாவல் எழுதினார். அதில் வருகிற கவர்னஸுக்குச் சம்பளம் 30 பவுண்டு. தனக்குக் கிடைக்காததைக் கதாநாயகிக்காவது கொடுப்போமே என்று கொடுத்துவிட்டார் போலிருக்கிறது. (கைதட்டல்) தங்கை ஆன் பிராண்டியும் அதே வருஷம் 'ஆக்னஸ் கிரே' வெளியிட்டார். அவரும் இதே வேலை பார்த்தவர்தான். பிள்ளைகள் வளர்ந்துவிட்டால் கவர்னஸ் எதற்கு? போ என்றுவிடுவார்கள். அப்படி வயதாகி, நோயாகி, திக்கற்றுப் போனவர்களுக்காகவே 1843-ல் லண்டனில் ஒரு சங்கம் அமைக்க வேண்டியிருந்தது.

லண்டன் கதை நமக்கு எதற்கு என்று எதிரணி அம்மா சிரிக்கிறார். சரி, என் கதையையே சொல்கிறேன்.

எம்.ஏ. படிக்கும்போது இந்தப் பக்கத்து ஊர் ஒன்றில், ஒரு பெரிய வீட்டுப் பெண்ணுக்குத் தமிழ் சொல்லிக்கொடுக்கப் போனேன். கூடத்தில் சோபா உண்டு, அது விருந்தாளிக்கு. சமையற்கட்டில் பாய் உண்டு, அது வேலைக்காரிக்கு. எனக்கு இரண்டுக்கும் நடுவில், நடையில், ஒரு மடக்கு நாற்காலி. டீ வரும். விருந்தாளிக்குத் தருகிற பூப்போட்ட கோப்பையில் வராது, வேலைக்காரம்மாவின் எவர்சில்வர் டம்ளரிலும் வராது. எனக்கென்றே ஒரு கோப்பை தனியாக வைத்திருந்தார்கள். அது மரியாதையா, ஒதுக்கமா என்று எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. அந்தப் பெண் "டீச்சரக்கா, டீச்சரக்கா" என்று உயிராக இருந்தாள். மூன்று வருஷம். அவளுக்குக் கல்யாணம் ஆனதைப் பால்காரர் சொல்லித்தான் தெரிந்துகொண்டேன்.

என்னையாவது நடையில் உட்கார வைத்தார்கள். துரைமார் வீட்டு ஆயாக்களைப் பாருங்கள். துரைசானியோடு கப்பலில் போய், வாந்தி எடுக்கிற பிள்ளைகளை வாரக்கணக்கில் மடியில் வைத்திருப்பார்கள். கரை சேர்ந்ததும் சில பேர் "இனி நீ வேண்டாம்" என்று விட்டுவிடுவார்கள். ஊர் திரும்பக் காசு கிடையாது. அப்படிப்பட்டவர்களுக்கென்றே லண்டனில் ஆயாக்கள் இல்லம் ஒன்று நடந்தது. 1900 முதல் ஹாக்னியில் இருந்தது. அந்த வீட்டுச் சுவரில் நினைவுப் பலகை வைத்தது எப்போது தெரியுமா? 2022-ல்!

நம்ம புலவர்கள் என்ன செய்தார்கள்? செவிலித்தாய் என்று பெயர் வைத்தார்கள். தொல்காப்பியர் அவள் பேசுவதற்கு இலக்கணத்தில் இடம் ஒதுக்கினார். தலைவியின் உயிர்த் தோழி யார்? செவிலியின் மகள்! பெண் காதலனோடு போய்விடுகிறாள். பெற்றவள் வீட்டில் அழுகிறாள். அழட்டும், அதுவும் அன்புதான். பாலைவழியில் தேடிப் போகிறவள் யார்? குறுந்தொகையில் கால் ஓய்ந்து, கண் பூத்து நிற்கிறவள் யார்? கலித்தொகையில் எதிரே வருகிற துறவிகளை நிறுத்தி, "என் பெண்ணைப் பார்த்தீர்களா?" என்று கேட்கிறவள் யார்? செவிலி ஐயா, செவிலி! (கைதட்டல்) கேட்கும்போது 'என் பெண்' என்றுதான் கேட்கிறாள்.

கல்யாணம் ஆன பிறகு அந்த வீட்டுக்குப் போய்ப் பார்ப்பவளும் அவள்தான். தயிரைப் பிசைந்த விரலைப் புடவையில் துடைத்துக்கொண்டு, கண்ணில் தாளிப்புப் புகை ஏற, பெண் சமைத்ததைப் பார்க்கிறாள். புருஷன் நன்றாக இருக்கிறது என்றதும் அவள் முகம் லேசாக மலர்ந்ததையும் பார்க்கிறாள். அதைப் பெற்றவளிடம் வந்து சொல்கிறாள். குறுந்தொகை 167-ஆம் பாட்டு. எனக்கு அந்தப் பாட்டை வகுப்பில் நடத்தும்போதெல்லாம் தொண்டை கட்டிக்கொள்ளும். எனக்குத்தான் பத்திரிகையே வரவில்லையே!

எதிரணி அம்மா, "எங்கள் பெண்கள் ஷூ கம்பெனிக்குப் போய்த் தைப்பதே பிள்ளைக்காகத்தான்" என்றார். சத்தியமான வார்த்தை. ஆம்பூரிலும், வாணியம்பாடியிலும், பேரணாம்பட்டிலும் விடியக்காலையில் கம்பெனி பஸ் ஏறுகிற தாயை நான் ஒரு சொல் குறை சொல்லமாட்டேன். அவள் தைத்த செருப்பைப் போட்டுக்கொண்டு எந்த நாட்டுக் குழந்தையோ நடக்கிறது. இவள் குழந்தை தத்தித் தத்தி முதல் அடி வைக்கும்போது கை நீட்டியது யார்? 1948 தொழிற்சாலைச் சட்டம்கூட, பிள்ளைக் காப்பறையில் பயிற்சி பெற்ற பெண் இருக்கவேண்டும் என்றது. சும்மா ஒரு ஆளைப் போடு என்று சொல்லவில்லை. அந்தப் பெண்ணுக்கு என்ன சம்பளம், ஐம்பத்தெட்டு வயதுக்கு மேல் அவள் எங்கே போவாள் என்று நாம் கேட்டிருக்கிறோமா?

நடுவர் மணியில் கை வைத்துவிட்டார். ஒரே நிமிஷம் ஐயா.

நான் உள்ளே வரும்போது பந்தல் ஓரத்தில் ஒரு பாட்டி, மடியில் குழந்தையோடு உட்கார்ந்திருந்தார். யார் குழந்தை என்றேன். "பக்கத்து வீட்டுப் பொண்ணுதும்மா. கம்பெனியில ஓவர்டைம், இன்னும் வரல" என்றார். உங்கள் பேர் என்றேன். "பேரு என்னாத்துக்கு? இது ஆயான்னுதான் கூப்பிடும்" என்றார். முன்வரிசையில் நாற்காலி காலியாக இருக்கிறது, வாருங்கள் என்றேன். "வேணாம்மா, எழுந்தா புள்ள முழிச்சுக்கும்" என்றார்.

இப்போதும் அங்கேதான் இருக்கிறார். கொஞ்சம் திரும்பிப் பாருங்கள். கை மட்டும் தட்டாதீர்கள், குழந்தை தூங்குகிறது.