உன் சுருதி எது?

(சங்க அங்கத்தவர் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



தொலைக்காட்சி இசைப் போட்டிகளைத் தயாரிப்பவர்களின் தொழில் வாழ்க்கையைப் பற்றிப் பேசவேண்டும் என்று உங்கள் செயலாளர் கேட்டபோது முதலில் எனக்குச் சிரிப்பு வந்தது. பண்ணிசையைப் பற்றிப் பேசிப் பழகியவனிடம் இதைக் கேட்கிறார்களே என்று எண்ணினேன். பின்னர்தான் காரணம் விளங்கியது. வருகிற நவராத்திரிப் போட்டியைத் தொலைக்காட்சியில் நடப்பது போல நடத்தவேண்டும் என்று இளைஞர் கேட்கிறார்கள். அது கோயில் மண்டபத்துக்கு அடுக்காது என்று பெரியவர்கள் மறுக்கிறார்கள். இருவருக்கும் நடுவே என்னைக் கொண்டுவந்து நிறுத்தியிருக்கிறீர்கள். தப்பிக்க வழியில்லை. ஆகையால் என் மனத்திற் பட்டதைச் சொல்லிவிடுகிறேன்.

2023ஆம் ஆண்டை நினைத்துப் பாருங்கள். புசல்லாவை நயப்பனைத் தோட்டத்துச் சிறுமி அசானி, சென்னையிலே சீ தமிழ்த் தொலைக்காட்சியின் ‘சரிகமப’ சிறுவர் மேடையிற் பாடினாள். கம்பளையிலும் கண்டியிலும் தோட்டத்து லயங்களிலும் மக்கள் வேலையைப் போட்டுவிட்டுப் பார்த்தார்கள். அதே மேடையில், அவ்வாண்டு டிசம்பரில், யாழ்ப்பாணத்து அரியாலையைச் சேர்ந்த கில்மிஷா முதற் பரிசைப் பெற்றாள். நாம் எல்லோரும் பாடிய பிள்ளைகளைப் பற்றிப் பேசினோம். நடுவர்கள் என்ன சொன்னார்கள் என்று பேசினோம். அந்த மேடையைக் கட்டியவர் யார் என்று எவரும் கேட்கவில்லை.

தயாரிப்பாளர் என்றால் பணம் போடுபவர் என்றே பலர் நினைக்கிறார்கள். தொலைக்காட்சியில் அவருக்கு வேறு வேலை. ஆயிரம் பேர் வந்து பாடினால் பத்துப் பேரைத் தேர்ந்தெடுக்க ஏற்பாடு செய்பவர் அவர். எந்தப் பிள்ளை எந்தப் பாட்டைப் பாடுவது, யாருக்குப் பின் யார் வருவது, வாத்தியக்காரருடன் எத்தனை முறை ஒத்திகை, ஒலிவாங்கி எப்படி என்பவையெல்லாம் அவர் பொறுப்பு. பத்து மணி நேரம் பிடித்த படத்தை ஒரு மணி நேரமாக வெட்டி ஒட்டும்போது எந்தக் கண்ணீர் நிற்பது, எந்தச் சிரிப்பு நீங்குவது என்று தீர்மானிப்பவரும் அவரே. பிள்ளை மூன்று நிமிடம் பாடுகிறது. அந்த மூன்று நிமிடத்துக்கு முன்னும் பின்னும் உள்ள யாவும் அவர் கையில்.

இத்தொழிலில் உலகப் புகழ் பெற்ற ஒருவர் சைமன் புல்லர் என்ற ஆங்கிலேயர். 1960இற் பிறந்தவர். இசைத்தட்டு வியாபாரத்திலே வளர்ந்தவர். ‘கிரிசாலிஸ்’ என்ற கம்பனியில் வேலை செய்தார். புதிய பாட்டுகளையும் புதிய குரல்களையும் தேடிப் பிடிப்பது அவருடைய உத்தியோகம். 1985இல், போல் ஹார்ட்காஸில் என்பவர் வியட்நாம் போரைப் பற்றி அமைத்த ‘19’ என்ற இசைத்தட்டு இங்கிலாந்தில் முதலிடம் பெற்றது. அந்த எண்ணையே பெயராக வைத்துப் புல்லர் தமது சொந்த ஸ்தாபனத்தைத் தொடங்கினார். அனி லெனொக்ஸ் என்ற பாடகிக்கும், பின்னர் ‘ஸ்பைஸ் கேர்ள்ஸ்’ என்ற ஐந்து பெண்களுக்கும் நிர்வாகியானார். அந்தப் பெண்கள் உலகப் புகழின் உச்சியில் நின்றபோது, 1997இல், அவரை விலக்கிவிட்டார்கள்.

வேறொருவராயின் அத்துடன் ஓய்ந்திருப்பார். புல்லரோ வேறு விதமாக யோசித்தார். பாடகரைத் தேடிக் கண்டுபிடித்து, பயிற்றி, மக்களிடம் கொண்டுபோய் விற்பதுதானே நமது தொழில்; அந்தத் தேடலையே மக்கள் முன் நடத்தினால் என்ன? தேர்ந்தெடுக்கும் வேலையை அவர்களிடமே கொடுத்தால் என்ன? 2001இல் இங்கிலாந்தில் ‘பொப் ஐடல்’ பிறந்தது. 2002 பெப்ரவரியில் நடந்த இறுதிச் சுற்றில் 87 இலட்சம் தொலைபேசி வாக்குகள் விழுந்தன. அதே ஆண்டு ஜூனில் ‘அமெரிக்கன் ஐடல்’ தொடங்கியது. 2004இல் ‘இந்தியன் ஐடல்’ வந்தது. நாட்டுக்கு நாடு அந்த அமைப்பை உரிமை கொடுத்து வாங்கினார்கள். வாங்காதவர்கள் அதைப் பார்த்துத் தாமும் ஒன்று செய்தார்கள். 2006இல் விஜய் தொலைக்காட்சி ‘சூப்பர் சிங்கர்’ தொடங்கிற்று. அதே ஆண்டு நமது நாட்டிலும் ‘சிரச சுப்பர் ஸ்டார்’ வந்தது.

புல்லரின் திறமையை நான் குறைத்துச் சொல்லமாட்டேன். உணவுச்சாலையிற் பரிமாறிக்கொண்டிருந்த கெலி கிளார்க்சன் என்ற பெண் அவர் மேடையால் உலகப் பாடகியானாள். ஆனால் ஒன்றைக் கவனிக்க வேண்டும். வென்றவர்களை நிர்வகிக்கும் உரிமை அவருடைய ஸ்தாபனத்துக்கே போயிற்று. அங்கே போட்டி என்பது சந்தையின் முகப்பு. எந்தக் குரல் விலைபோகும் என்பதே அங்கு முதற் கேள்வி.

சந்தையின் கணக்கு எப்போதும் சரியாக வருமா? 2004இல் ‘அமெரிக்கன் ஐடல்’ போட்டியில் ஜெனிபர் ஹட்சன் என்ற பெண் ஏழாம் இடத்தோடு வெளியேற்றப்பட்டார். 2007இல் அதே பெண், பாடி நடித்த திரைப்படத்துக்காக ஒஸ்கார் பரிசைப் பெற்றார். வாக்கு எண்ணிக்கை அன்றைக்கு எத்தனை பேர் தொலைபேசியை எடுத்தார்கள் என்பதைச் சொல்லும். குரலின் ஆழத்தை அது சொல்லாது.

இதற்கு முன்னரே நம் பக்கத்து நாட்டில் வேறொரு வழி இருந்தது. 1995இல் கஜேந்திர சிங் என்பவர் சீ தொலைக்காட்சியில் ‘ச ரி க ம’ நிகழ்ச்சியைத் தொடங்கினார். நமது பிள்ளைகள் ஏறிய மேடைக்கு அதுவே மூலம். சோனு நிகம் என்ற இளம் பாடகர் அதனை நடத்தினார். பெரும் இசை மேதைகள் நடுவராக அமர்ந்தார்கள். சிறுமியாக அங்கே பாடி வென்ற ஸ்ரேயா கோஷல், 2002இல் ‘தேவதாஸ்’ படத்தின் மூலம் பாரதமெங்கும் அறியப்பட்டார்.

தமிழில் ஏ. வி. ரமணனை நினைவுகூர வேண்டும். அவர் மேடைப் பாடகர். 1980இல் ‘நீரோட்டம்’ என்ற படத்துக்கு இசையமைத்தவர். அவரும், 2024 மே மாதம் முதலாந் திகதி மறைந்த அவர் துணைவியார் உமா ரமணனும் நெடுங்காலம் ஊர் ஊராகச் சென்று மேடைகளிற் பாடியவர்கள். அந்த ரமணனே சன் தொலைக்காட்சியில் ‘சப்தஸ்வரங்கள்’ என்ற போட்டி நிகழ்ச்சியை நடத்தினார். ஒலிவாங்கிக்கு முன் தொண்டை வரண்டு நிற்பது எப்படியிருக்கும் என்று தாமே அறிந்தவர் போட்டியை நடத்தினார் என்பதே அதன் சிறப்பு.

நமது நாட்டுக்கும் இந்த மரபு புதிதன்று. இலங்கை வானொலியில் எஸ். கே. பரராஜசிங்கம் இருந்தார். அவர் பாடகர், நிகழ்ச்சித் தயாரிப்பாளர். இந்தியத் திரைப்பாட்டு ஒன்றே பாட்டு என்று நாம் மயங்கியிருந்த காலத்தில், ஈழத்து மெல்லிசை என்று ஒன்று உண்டெனக் காட்ட உழைத்தவர்களில் முன்னிற்பவர். இசை தெரிந்தவர் தயாரிப்பாளர் நாற்காலியில் அமர்ந்தால் ஒரு நாட்டின் காதையே திருத்தலாம் என்பதற்கு அன்னார் சான்று.

இவ்வளவும் பிறரைப் பற்றிய பேச்சு. இனி என் சொந்தக் குற்றம் ஒன்றைச் சொல்லவேண்டும்.

பல ஆண்டுகளுக்கு முன், இந்நகருக்கு அண்மையில் ஓரிடத்தில் நடந்த பண்ணிசைப் போட்டிக்கு நான் நடுவர். ஏற்பாடுகளையும் நானே பார்த்தேன். சுருதிப் பெட்டி காலையிலிருந்து ஐந்து கட்டையில் ஒலித்துக்கொண்டிருந்தது. பாடியவர்களிற் பெரும்பாலோர் சிறுமியர். அவர்களுக்கு அது பொருந்திற்று. கடைசியாக ஒரு தோட்டத்துப் பையன் வந்தான். வயது பதின்மூன்று இருக்கும். முதல் பஸ் தவறிவிட்டதாம். சட்டையெல்லாம் மழையில் நனைந்திருந்தது. குரல் உடைகிற பருவம். எடுப்பிலேயே தடுமாறினான், மேலே போகமுடியாமல் நின்றுவிட்டான். சபையில் யாரோ சிரித்தார்கள். நான் புள்ளித்தாளில் ‘சுருதி சேரவில்லை’ என்று எழுதி நாற்பது புள்ளி போட்டேன்.

பரிசளிப்பு முடிந்து கைகழுவ மண்டபத்தின் பின்புறம் போனேன். குழாயடியில் அந்தப் பையன் தன் தாய்க்கு அதே தேவாரத்தைப் பாடிக் காட்டிக்கொண்டிருந்தான். தனக்கேற்ற தாழ்ந்த சுருதியிற் பாடினான். ஒரு பிசிறில்லை. அன்று முழுவதும் நான் கேட்ட பாட்டுகளில் அதுவே சிறந்தது. “உள்ளே ஏன் இப்படிப் பாடவில்லை?” என்றேன். “பெட்டிய மாத்தலாம்னு எனக்குத் தெரியாதுங்க ஐயா” என்றான். தாய் ஒன்றும் பேசவில்லை. அவன் தலையைத் துவட்டிக்கொண்டிருந்தாள்.

நண்பர்களே, அவனுக்குச் சுருதி சேராமற் போனதற்கு அவனா காரணம்? “தம்பி, உன் சுருதி எது?” என்று ஒரு வார்த்தை நான் கேட்கவில்லை. கேட்டிருந்தால் அரை நிமிடம் செலவாகியிருக்கும். முடிவு அறிவித்தாயிற்று, இனி என்ன செய்வது என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டு வீடு திரும்பினேன். அவன் மறு ஆண்டு வரவில்லை. எங்கே போனான் என்று நான் தேடவுமில்லை. அந்தக் குழாயடி இன்றும் என்னை உறுத்துகிறது.

ஆகையால் உங்கள் வழக்குக்கு என் தீர்ப்பு இதுதான். இளைஞர் கேட்கும் நல்ல ஒலிவாங்கியும் ஒளியும் ஒத்திகையும் வரட்டும். பெரியவர்கள் அதனைத் தடுக்கவேண்டாம். நல்ல ஒலி தேவாரத்துக்குப் பகையன்று. ஆனால் ஐந்து காரியம் செய்யவேண்டும். ஒவ்வொரு பிள்ளைக்கும் முன்கூட்டியே சுருதி கேட்டுக் குறித்து வையுங்கள். தோட்டங்களிலிருந்து வரும் பிள்ளைகளைப் பஸ் நேரம் பார்த்துப் பிற்பகலிற் பாட விடுங்கள். சபை முன் நிறுத்தி வெளியேற்றும் வழக்கம் நமக்கு வேண்டாம். வறுமையைக் கேட்டுக் கண்ணீர் வரவழைப்பதும் வேண்டாம். புள்ளியோடு, எதைத் திருத்தவேண்டும் என்று இரண்டு வரி எழுதி ஒவ்வொரு பிள்ளையின் கையிலும் கொடுத்தனுப்புங்கள்.

உங்களிற் சிலர் தொலைக்காட்சித் தொழிலுக்குப் போக விரும்புவதாக அறிகிறேன். போங்கள். கமராவையும் கணினியையும் படியுங்கள். அவற்றோடு ஒரு குருவிடம் அமர்ந்து நாலு பண்ணாவது பாடக் கற்றுக்கொள்ளுங்கள். பாடகராக வேண்டும் என்பதற்காகச் சொல்லவில்லை. பாடுகிறவனின் நெஞ்சு எப்படி அடித்துக்கொள்ளும் என்று அறிந்தவனே அவனுக்கு மேடை அமைக்கத் தகுந்தவன்.

இந்த நவராத்திரியில் முதற் பிள்ளை மேடை ஏறும்போது, நமது இளைஞர் ஒருவர் சுருதிப் பெட்டிக்கருகே குனிந்து, “உன் சுருதி எது?” என்று கேட்பதை நான் பார்க்கவேண்டும். அதைப் பார்த்தால் என் கடனிற் பாதியாவது தீர்ந்ததென்று எண்ணிக்கொள்வேன்.