திரைக்குப் பின்னுள்ள பெயர்கள்



பத்து பாகாட்டில் கூடியுள்ள நாம் இன்று ‘உதவியாளர்’ என்னும் ஒரு சொல்லை ஆராய்வோம். பிரித்தானியத் திரைத்துறையில் ஒளிப்பதிவுக் குழுவினர் ஒவ்வொருவர்க்கும் தனிப்பெயர் உண்டு. படச்சுருள் ஏற்றிக் கிளாப் பலகை அடிப்பவர் ஒருவர்; நடிகர் நகருந்தோறும் தொலைவை அளந்து குவியம் மாற்றுபவர் வேறொருவர்; கேமராவை இயக்குபவர் மற்றொருவர். நாமோ இவர்களை ‘உதவியாளர்’ என்றே பெரும்பாலும் அடக்கிவிடுகிறோம்.

கே. வி. ஆனந்தும் அப்பெயரில் உழைத்தவரே. ‘தேவர் மகன்’ (1992) முதலிய படங்களில் பி. சி. ஸ்ரீராமுக்கு உதவியாளராய் இருந்தார். தனித்து ஒளிப்பதிவு செய்த முதற்படம், 1994இல் வெளிவந்த ‘தேன்மாவின் கொம்பத்து’ என்னும் மலையாளப் படம். அதற்கே தேசிய விருது பெற்றார். முதன்முயற்சியில் வென்றார் என்பது பொருந்தாது; அது உதவியாளராய்க் கழிந்த ஆண்டுகளின் விளைச்சல்.

குவியம் தவறினால் காட்சி கெடும். சரியாக அமைந்தாலோ எவரும் கவனியார். பெயரில்லாத் தொழிலை விரும்பி ஏற்க எந்த மாணவர் முன்வருவார்? ‘குவியமைப்பாளர்’ என்னும் சொல்லை நாம் முன்மொழிகிறோம். இதனினும் நல்ல சொல்லை நீங்கள் ஆக்கித் தருக.