செவி கேளாதாரும் நம் ஊராரே

(பழனி மலையில், கொடைக்கானல் வட்டாரத்து ஊராட்சி உறுப்பினர்களும் உழவர்களும் கூடிய கூட்டத்தில் ஆற்றிய உரை)



பூம்பாறை, மன்னவனூர், கவுஞ்சி, தாண்டிக்குடி முதலிய ஊர்களிலிருந்து, பனியையும் மலைச்சாலையின் வளைவுகளையும் பொருட்படுத்தாது வந்திருக்கிறீர்கள். சாலை, குடிநீர், பூண்டு விலை, காட்டெருமைத் தொல்லை ஆகியவற்றைப் பற்றி முறையிட உங்களுக்கு வாய் இருக்கிறது. அவ்வாறு எழுந்து நின்று முறையிட இயலாத சிலரைப் பற்றி இன்று பேச விரும்புகிறேன்.

உங்கள் ஊரில் ஊமையன் என்றோ ஊமைச்சி என்றோ அழைக்கப்படுபவர் ஒருவரேனும் இருக்கக்கூடும். அவருடைய பெயர் என்ன? சற்றே நினைத்துப் பாருங்கள். பெற்றோர் ஆசையோடு இட்ட பெயர் ஒன்று குடும்ப அட்டையில் இருக்கிறது. ஆயினும் அதனைச் சொல்லி அழைப்பார் இல்லை. அழைத்தாலும் அவர் செவியில் விழாது என்று விட்டுவிட்டோம். 2011-ஆம் ஆண்டு மக்கள் கணக்கெடுப்பின்படி நம் நாட்டில் செவிப்புலன் குறையுடையோர் 50 இலட்சத்திற்கும் மேற்பட்டவர்கள். அவர்களுள் பெரும்பாலோருக்கு வாயிலோ தொண்டையிலோ எக்குறையும் இல்லை. பேச்சைக் கேட்டே குழந்தை பேசக் கற்கிறது. கேளாத குழந்தைக்குப் பேச்சு வாய்க்கவில்லை, அவ்வளவே. அறிவுக் குறைவு என்று அதற்குப் பொருள் கொள்வது நம்முடைய அறியாமை.

ஊமைத்துரையின் பெயரை அறியாத தமிழர் இலர். கட்டபொம்மனின் தம்பியாகிய அவர் 1801-ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில் பாளையங்கோட்டைச் சிறையிலிருந்து தப்பி, இடிந்து கிடந்த பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டையை மீண்டும் எழுப்பினார். இந்தப் பழனி மலையின் அடிவாரத்து விருப்பாச்சிப் பாளையக்காரர் கோபால நாயக்கரும் அந்நாளில் ஆங்கிலேயரை எதிர்த்த அணியைச் சேர்ந்தவரே. ஊமைத்துரையை எதிர்த்துப் போரிட்ட ஆங்கிலப் படைத் தலைவர்களுள் ஒருவரான வெல்ஷ் என்பவர், அவரைக் காது கேளாத, வாய் பேசாத மனிதர் என்றே தம் நினைவு நூலில் குறித்திருக்கிறார். திக்குவாய் உடையவர் என்று கூறுவாரும் உளர். எவ்வாறாயினும், அவர் படை நடத்திய முறையை அந்த ஆங்கிலேயரே வியந்து எழுதியிருக்கிறார். சில துரும்புகளை எடுத்து இடது உள்ளங்கையில் ஆங்கிலப் படைபோல அடுக்கி வைப்பாராம். மற்றக் கையால் அவற்றை ஒரே வீச்சில் துடைத்தெறிவாராம். அதுவே தாக்குதலுக்கு ஆணை!

இதில் நாம் காணவேண்டியது அவருடைய வீரம் மட்டுமன்று. அவருடைய வீரர்கள் அந்தக் கையசைவுகளைக் கற்றுக்கொண்டிருந்தார்கள். கற்ற காரணத்தால் அவர் தளபதியானார். அவர்கள் கற்றிராவிடில், அரண்மனையின் மூலையில் உட்கார்ந்திருக்கும் ஊமைப்பிள்ளையாகவே அவர் வாழ்ந்து மடிந்திருக்கக்கூடும். குறை ஒருவர் செவியில் இருக்கலாம். அதனைப் பெருஞ்சுமையாக்குவதும் எளிதாக்குவதும் சுற்றத்தார் கையில் இருக்கிறது.

கைமொழி நமக்குப் புதிதா? மாட்டுச் சந்தையில் துண்டை மூடி, விரல் பிடித்து விலை பேசும் வழக்கத்தை உழவர்கள் நன்கறிவார்கள். அங்கே ஒரு சொல்லும் பிறப்பதில்லை. ஆயினும் பேரம் முடிகிறது. வணிகத்திற்காக விரலைப் பேசவைத்த நாம், அண்டை வீட்டுப் பிள்ளைக்காக அதனைப் பேசவைக்க ஏன் தயங்கவேண்டும்?

வெளிநாட்டுச் சான்று ஒன்றும் உண்டு. அமெரிக்காவின் கீழைக் கரையில் மார்த்தாஸ் வினியார்டு என்றொரு தீவு இருக்கிறது. உழவரும் மீனவரும் வாழ்ந்த அத்தீவில், 19-ஆம் நூற்றாண்டில், சில்மார்க் என்ற ஊரில் ஏறத்தாழ 25 பேருக்கு ஒருவர் பிறவியிலேயே செவி கேளாதவராக இருந்தார். அதனால் காது கேட்போரும் சிறு வயதிலிருந்தே கைமொழி பயின்றனர். செவி கேளாதவர்கள் மணம் புரிந்தார்கள், நிலம் உழுதார்கள், மீன் பிடித்தார்கள், ஊர்ப் பொறுப்புகளையும் ஏற்றார்கள். நோரா குரோஸ் என்ற அறிஞர் 1985-ஆம் ஆண்டு இதனை ஆராய்ந்து நூலாக வெளியிட்டார். சட்டத்தின் வற்புறுத்தல் இன்றி, சாதாரண கிராம மக்களே செய்துகாட்டிய செயல் இது.

அத்தீவிலிருந்து மற்றொரு பாடமும் நாம் பெறலாம். ஒரு சில குடும்பங்களுக்குள்ளேயே தலைமுறை தலைமுறையாகக் கொண்டு கொடுத்ததே அங்கே செவிட்டுத்தன்மை பெருகியதற்குக் காரணம். நம்மிடையே தாய்மாமனுக்கும் அக்காள் மகளுக்கும் மணம் முடிக்கும் வழக்கம் இன்னும் முற்றிலும் மறையவில்லை. சொத்து வெளியே போகாது என்று மகிழ்கிறோம். பரம்பரைக் குறைகளும் வெளியே போகா என்பதை மறக்கலாகாது. கருவுற்ற தாய்க்கு ரூபெல்லா என்னும் அம்மை கண்டாலும் குழந்தையின் செவி பாதிக்கப்படலாம். அதனைத் தடுக்கும் ஊசி 2017 முதல் தமிழ்நாட்டில் அரசின் திட்டத்தில் சேர்ந்திருக்கிறது. காதில் சீழ் வடிந்தால் காய்ச்சிய எண்ணெய் விடுவதை விட்டு மருத்துவரிடம் செல்லவேண்டும்.

நிற்க. நான் ஒரு மலைக்கிராமத்துப் பள்ளியில் கண்ட காட்சியைச் சொல்கிறேன். ஊரின் பெயர் வேண்டா. ஏழாம் வகுப்பில் செவி கேளாத சிறுமி ஒருத்தி இருந்தாள். அவளுடைய ஏட்டை ஆசிரியர் பெருமையோடு எனக்குக் காட்டினார். எழுத்துக்கள் முத்து முத்தாக இருந்தன. ஒரு பிழையும் இல்லை. அந்த ஏட்டில் ‘தண்ணீர்’ என்று அவளே எழுதியிருந்த சொல்லைத் தொட்டுக் காட்டி, அது எது என்று சைகையால் வினவினேன். அறையின் மூலையில் தண்ணீர்க் குடம் இருந்தது. அவள் அதனைப் பார்க்கவில்லை. என் முகத்தையே பார்த்துச் சிரித்தாள். ஏழாண்டுகளாக அவள் எழுத்துக்களைப் படமாக வரைந்துகொண்டிருந்தாள். வருகைப் பதிவேட்டில் அவள் மாணவி. கல்வி அவளிடம் வந்து சேரவேயில்லை. ஆசிரியர் கொடியவர் அல்லர். அவருக்குக் கைமொழி கற்பிக்க யாருமில்லை. வகுப்பில் ஓர் இடம் கொடுப்பது வேறு, வகுப்பில் ஒருத்தியாகச் சேர்ப்பது வேறு என்பதை அன்று உணர்ந்தேன்.

அச்சிறுமிக்கு நேர்ந்தது பிறர்க்கு நேராதிருக்க என்ன செய்யலாம்? முதலாவது, காலத்தே கண்டறிதல். கதவு அறையும் ஓசைக்கும் தட்டு விழும் ஓசைக்கும் திரும்பிப் பாராத குழந்தையை, “பேச்சு மெல்ல வரும்” என்று ஆறுதல் கூறி வைத்திருப்பது பெருந்தவறு. மொழி வேரூன்றுவது முதல் சில ஆண்டுகளிலேதான். விதைக்கும் பருவம் தப்பிய நிலம் என்னாகும் என்பதை உங்களுக்கு நான் சொல்லவேண்டியதில்லை. 2013-இல் தொடங்கிய தேசியச் சிறார் நலத் திட்டத்தின்படி அங்கன்வாடிகளிலும் பள்ளிகளிலும் குழந்தைகளைச் சோதிக்க வகை செய்யப்பட்டிருக்கிறது. காது ஒலிக்கருவியும், தகுதியுள்ள இளங்குழந்தைகளுக்கு உள்காதில் கருவி பொருத்தும் அறுவை மருத்துவமும் அரசின் உதவியால் கிடைக்கக்கூடியவை. ஆனால் அறுவைக்குப் பின்னும் நெடுநாள் பேச்சுப் பயிற்சி தேவை. அதற்காகக் குழந்தையுடன் அடிக்கடி மலையிறங்கும் தாய்க்கு ஒருநாள் கூலியும் பேருந்துக் கட்டணமும் இழப்பாகின்றன. ஊர் கைகொடுக்க வேண்டிய இடம் அது. கருவி கிடைத்ததென்று கைமொழியை விலக்கிவிடவும் கூடாது.

இரண்டாவது, பள்ளி. ஊமைத்துரை சிறைப்பட்டிருந்த அதே பாளையங்கோட்டையில், 19-ஆம் நூற்றாண்டு முடிவதற்குள், பிளாரன்ஸ் ஸ்வெயின்சன் என்ற ஆங்கில மாது செவி கேளாத பிள்ளைகளுக்குப் பள்ளி ஒன்றை நிறுவினார். அது இன்று அவர் பெயராலேயே மேனிலைப் பள்ளியாக விளங்குகிறது. சென்னை மாநிலக் கல்லூரியில் செவித்திறன் குறைந்தோர்க்கெனப் பட்ட வகுப்புகளும் ஏற்பட்டன. 2016-ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம், 40 விழுக்காட்டுக்குக் குறையாத குறைபாடுடைய 6 முதல் 18 வயதுவரையுள்ள பிள்ளைகளுக்கு, அருகிலுள்ள பள்ளியிலோ சிறப்புப் பள்ளியிலோ விரும்பிய இடத்தில் இலவசக் கல்வி பெறும் உரிமையை வழங்கியிருக்கிறது. பள்ளிப் பிள்ளைகளிடையே ஐந்தாண்டுக்கு ஒருமுறை கணக்கெடுத்துக் குறையுடையோரைக் கண்டறியும் கடமையை அச்சட்டம் அரசுக்கு மட்டுமன்றி உள்ளாட்சி மன்றங்களுக்கும் விதித்திருக்கிறது. வறுமை ஒழிப்புத் திட்டங்களிலும் விளைநில ஒதுக்கீட்டிலும் 5 விழுக்காடு அவர்களுக்கு உரியது. 2025-ஆம் ஆண்டு தமிழ்நாடு சட்டமன்றம், ஊராட்சி மன்றங்களில் மாற்றுத்திறனாளிகளை நியமன உறுப்பினராக்கவும் சட்டம் இயற்றியது.

மூன்றாவது, ஊர். சட்டம் நாற்காலி கொடுக்கும். பேச்சை ஊர்தான் கொடுக்கவேண்டும். கிராம சபையில் செவி கேளாதவர் இருந்தால், அவர் கைமொழி அறிந்த உறவினரையோ ஆசிரியரையோ அருகில் நிறுத்துங்கள். தீர்மானத்தைப் பலகையில் எழுதுங்கள். பொருள் விளங்காத தாளில் அவருடைய கைந்நாட்டு வாங்காதீர்கள். கூலியை அவர் கண்முன் எண்ணிக் கொடுங்கள். காட்டெருமை வரும் தடத்திலும், வண்டிகள் ஒலி எழுப்பித் திரும்பும் வளைவிலும் அவரைத் தனியே அனுப்பாதீர்கள். பனி மூடிய வேளையிலும் இருட்டிலும் கைமொழி தெரியாது; அவருடைய தெருவில் விளக்கு ஒன்று எரிவது நமக்கு வசதி, அவருக்கோ அதுவே பேச்சு. இந்தியக் கைமொழிக்கு 10,000 சொற்கொண்ட அகராதி 2021-இல் வெளிவந்திருக்கிறது. அனைத்தையும் நாம் கற்கவேண்டியதில்லை. வணக்கம், தண்ணீர், வலி, கூலி, மழை, நாளை, ஆபத்து என்று ஐம்பது சொற்களைப் பள்ளிப் பிள்ளைகள் ஒரு மாதத்தில் கற்று நமக்கும் கற்பிப்பார்கள்.

வள்ளுவர் கேள்விக்கென்றே ஓர் அதிகாரம் வகுத்தார். கற்றறிந்தோர் வாயிலாகப் பெறும் அறிவையே அவர் கேள்வி என்றார். அவ்வறிவு செவி வழியாகத்தான் புகவேண்டும் என்பதில்லை. கண் வழியாகவும் புகும், கொடுப்பார் இருந்தால்.

ஆகவே, இக்கூட்டம் முடிந்து ஊர் திரும்பியதும் ஒரு சிறு காரியம் செய்யுங்கள். நீங்கள் ஊமையன் என்று அழைத்துவந்தவரின் வீட்டுக்குச் சென்று, அவருடைய உண்மைப் பெயரைக் கேட்டு ஊராட்சிக் குறிப்பேட்டில் எழுதுங்கள். பிறகு, அவர் தம் வீட்டாருடன் பேசும் கைச்சொற்களில் ஒன்றைக் கற்றுக்கொண்டு திரும்புங்கள். அடுத்த கிராம சபை அங்கிருந்து தொடங்கட்டும்.