யாருடைய காலத்தை எடுத்து?



காலத்தை மந்திரத்தால் ஆளும் வைத்தியர் குழுக்களைப் பற்றிய கதைகளை இன்றைய இளம் வாசகர்கள் ஆர்வமாகப் படிக்கிறார்கள். வைத்தியர் காயத்தின் மேல் கை வைத்தால், வெட்டு விழுவதற்கு முந்தைய நிலைக்கு உடல் திரும்பிவிடும். சாகக் கிடப்பவரைச் சுற்றி நாழிகை நின்றுவிடும். நானும் இவற்றை விரும்பிப் படிப்பவன். படிக்கும்போதெல்லாம் ஒரு கேள்வி எழுகிறது: நோயாளிக்குக் கிடைத்த காலம் யாரிடமிருந்து வந்தது? பெரும்பாலான கதைகளில் மந்திரம் சொன்னவர் சற்றுக் களைத்து உட்காருவார். கணக்கு அதோடு தீர்ந்துவிடும். அது போதாது என்பதே நான் இன்று சொல்ல வந்தது.

பழைய கதைசொல்லிகள் இந்தக் கணக்கில் கறாராக இருந்தார்கள். மகாபாரதத்தின் ஆதிபர்வத்தில் ருரு என்ற இளைஞன் வருகிறான். அவன் மணக்கவிருந்த பிரமத்வரை பாம்பு தீண்டி இறந்துபோகிறாள். அவளை மீட்க ஒரே வழி, ருரு தன் ஆயுளில் பாதியைக் கொடுப்பது. அவன் கொடுக்கிறான், அவள் எழுகிறாள். அவனுக்குக் குறைந்த ஆண்டுகள்தான் அவளுக்குக் கூடின. நம் அதியமானும் நெடுநாள் வாழவைக்கும் நெல்லிக்கனியைத் தான் உண்ணாமல் ஔவைக்குக் கொடுத்தான். அதற்கு நன்றி சொல்லும் பாட்டு புறநானூற்றில் 91ஆம் பாட்டாக இருக்கிறது.

மருத்துவ வரலாற்றில் இந்தக் கதைகளுக்கு மிக அருகே வந்த ஊர் அமெரிக்காவின் மினியாபோலிஸ். அங்குள்ள மின்னசோட்டா பல்கலைக்கழகத்தில் 1950களில் சில அறுவை மருத்துவர்கள் செய்த வேலை, எனக்குத் தெரிந்த எந்த மாயக் கதையையும்விட வியப்பானது.

அவர்கள் முன் இருந்த சிக்கல் காலம்தான். இதயச் சுவரில் ஓட்டையோடு பிறந்த குழந்தைக்கு அதைத் தைத்து அடைக்க வேண்டும். தைக்க இதயத்தைத் திறக்க வேண்டும். திறந்தால் இரத்த ஓட்டம் நிற்கும். இயல்பான உடல் வெப்பத்தில் இரத்தம் இல்லாமல் மூளை தாங்குவது ஏறக்குறைய நான்கு நிமிடம். அதற்குள் தையலை முடிப்பது பெரும்பாலும் இயலாத காரியம்.

முதல் வழி குளிர். டொராண்டோவில் வில்ஃப்ரெட் பிகலோ என்ற மருத்துவர், உடலைக் குளிரவைத்தால் அதன் பிராணவாயுத் தேவை குறையும் என்று விலங்குகளில் காட்டியிருந்தார். 1952 செப்டம்பர் 2 அன்று மினியாபோலிஸில் ஜான் லூயிஸ், 5 வயதுச் சிறுமி ஒருத்தியின் உடலை 28 டிகிரி செல்சியஸ் வரை குளிரவைத்து, இதயத்துக்கு வரும் இரத்தத்தை ஐந்தரை நிமிடம் நிறுத்தி, மேலறைச் சுவரிலிருந்த ஓட்டையைத் தைத்தார். பிறகு வெந்நீர்த் தொட்டியில் அவளை இறக்கிச் சூடேற்றினார்கள். சிறுமி பிழைத்தாள். காலத்தை மெதுவாக்கும் மந்திரம் உலகில் உண்டென்றால் அது இதுதான். ஆனால் அது தந்தது சில நிமிடங்களை மட்டுமே. கீழறைச் சுவரின் ஓட்டைக்கும், பல கோளாறுகள் சேர்ந்த இதயங்களுக்கும் அது போதவில்லை.

அப்போது அதே பல்கலைக்கழகத்தின் அறுவை மருத்துவர் வால்டன் லில்லிஹை வேறு வழியில் இறங்கினார். கருவிலிருக்கும் குழந்தை மூச்சு விடுவதில்லை. தாயின் நுரையீரலே அதற்கும் உழைக்கிறது. அதையே அறுவை அரங்கிலும் செய்தால் என்ன? 1954 மார்ச் 26 அன்று இரண்டு மேசைகளைப் பக்கத்தில் பக்கத்தில் போட்டார்கள். ஒன்றில் இரண்டு வயதுகூட ஆகாத ஆண் குழந்தை, மற்றொன்றில் அவன் தந்தை. மகனின் அசுத்த இரத்தம் குழாய் வழியே தந்தையின் தொடைப்பக்க நாளத்துக்குள் போனது. அவருடைய நுரையீரலில் சுத்தமாகி, அவருடைய இதயத்தின் உந்துதலால் திரும்பி மகனுக்கு வந்தது. மகனின் இதயம் திறந்து கிடந்த நேரமெல்லாம் தந்தையின் இதயம் இருவருக்கும் துடித்தது.

அந்தக் குழந்தை அறுவையைத் தாங்கியது. ஆனால் 11 நாள் கழித்து நிமோனியாவில் இறந்தது. லில்லிஹை நிறுத்தவில்லை. 1955 நடுப்பகுதி வரை 45 பேருக்கு இப்படிச் செய்தார். 28 பேர் பிழைத்து வீடு திரும்பினார்கள். அவர்களில் பலர் நடுவயதைக் கண்டார்கள். எதிர்த்தவர்கள், ஒரே அறுவையில் இருவர் சாகக்கூடிய முதல் சிகிச்சை இது என்றார்கள். அந்த அச்சம் வீண் அல்ல. இரத்தம் கொடுக்கப் படுத்த ஒரு தாயின் உடலுக்குள் காற்று புகுந்து, அவருடைய மூளை நிரந்தரமாகப் பாதிக்கப்பட்டது. கொடுத்தவர்களில் ஒருவரும் இறக்கவில்லை என்ற செய்தியைச் சொல்பவர்கள் இந்தத் தாயையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

இங்கே மகாபாரதத்தில் வரும் மன்னன் யயாதியை நினைக்கிறேன். சாபத்தால் வந்த முதுமையை வாங்கிக்கொண்டு இளமையைத் தரும்படி அவன் ஐந்து மகன்களைக் கேட்டான். பூரு மட்டும் சம்மதித்தான்; மறுத்த நால்வரையும் தந்தை சபித்தான். பூருவின் தியாகத்தைப் போற்றுகிறோம். மறுத்தால் சாபம் என்று தெரிந்த பிறகு ஒருவன் தரும் சம்மதம் எவ்வளவு சுதந்திரமானது என்று அரிதாகவே கேட்கிறோம். மேசையில் மகன் கிடக்கும்போது ஒரு தந்தையால் மாட்டேன் என்று சொல்ல முடியுமா? நம் ஊரில் சிறுநீரகம் கேட்கப்படும் தாய்மார்களிடமும் மனைவியரிடமும் இதே கேள்வி நிற்கிறது. அவர்களைத் தனியே உட்காரவைத்து, வீட்டார் காதில் விழாத இடத்தில் பேசும் மருத்துவர்களை நான் பெரிதும் மதிக்கிறேன்.

மினியாபோலிஸ் குழுவின் மேல் எனக்குள்ள மரியாதைக்கு இன்னொரு காரணம் உண்டு. பெற்றோரை மேசையில் படுக்கவைத்த அந்தக் காலத்திலேயே, அவர்கள் படுக்கத் தேவையில்லாத நாளுக்காகவும் உழைத்தார்கள். லில்லிஹையின் இளம் சகாவான ரிச்சர்ட் டிவால், இரத்தத்தில் பிராணவாயுக் குமிழிகளை விட்டுப் பின் அவற்றை நீக்கும் எளிய கருவி ஒன்றைச் செய்தார். 1955இல் அது பயன்பாட்டுக்கு வந்ததும் இரண்டாவது மேசை அகற்றப்பட்டது. பிலடெல்பியாவில் ஜான் கிப்பன் 1953இலேயே இதய-நுரையீரல் இயந்திரத்தால் ஓர் இளம்பெண்ணைக் காப்பாற்றியிருந்தார். அடுத்த நோயாளிகள் பிழைக்காததால் அவர் விலகிக்கொண்டார். அந்த இடத்திலிருந்து இவர்கள் பாதையை நீட்டினார்கள்.

கால மந்திர வைத்தியர்களைப் பற்றி எழுதும் இளைஞர்கள் இந்த அரங்கில் இருந்தால் அவர்களிடம் ஒன்று கேட்கிறேன். உங்கள் குழுவின் விதிகளில், ஆயுளைக் கொடுக்க மறுப்பவருக்கு ஓர் இடம் வையுங்கள்; அவர் சாபமில்லாமல் வீடு திரும்பட்டும். தங்கள் பெருமைக்குரிய சடங்கையே தேவையற்றதாக்க இரவும் பகலும் உழைக்கும் ஒரு சீடனையும் எழுதுங்கள். அந்த நாவலை முதல் ஆளாக வாங்கிப் படிப்பேன்.