மானெக்ஷா சொன்ன போர் நினைவுகள்

(லவ்டேல் பள்ளிவாசலில் மஃரிபுக்குப் பின் ஆற்றிய உரை)



நம் லவ்டேலிலிருந்து மலை ரயிலில் கீழே இறங்கினால் கேத்தி, அரவங்காடு, அடுத்து வெலிங்டன். அங்குள்ள இராணுவ மருத்துவமனையில்தான் 2008 ஜூன் 27 அன்று பீல்டு மார்ஷல் சாம் மானெக்ஷா காலமானார். 1973இல் ஓய்வு பெற்றபின் குன்னூரிலேயே வாழ்ந்தவர். உதகையின் பார்சி அடக்கத்தலத்தில் அடங்கியிருக்கிறார். பார்சி ஒருவரைப் பற்றிப் பள்ளிவாசலில் பேசுவானேன் என்று சிலர் எண்ணலாம். சற்றே பொறுங்கள்.

1942 பிப்ரவரியில் பர்மாவின் சிட்டாங் பாலத்தருகே ஜப்பானியரோடு நடந்த போரில் அவர் இளம் கேப்டன். இயந்திரத் துப்பாக்கிக் குண்டுகள் வயிற்றைத் துளைத்தன. அந்நாளில் இறந்தவருக்கு மிலிட்டரி கிராஸ் விருது வழங்கப்படவில்லை என்பதால், அவர் பிழைக்கமாட்டார் என்றெண்ணிய தளபதி கோவன் தம் மார்பிலிருந்த விருது நாடாவையே கழற்றி அவருக்கு அணிவித்தார். ஆர்டர்லி ஷேர் சிங் அவரைச் சுமந்து மருத்துவரிடம் சேர்த்தார். என்ன நேர்ந்தது என்று மருத்துவர் வினவ, கோவேறு கழுதை உதைத்துவிட்டது என்றாராம் காயம்பட்டவர்! முதுமையிலும் இதைச் சிரித்துக்கொண்டேதான் சொல்லிவந்தார். வேதனையை நேராகச் சொல்ல நா எழாதவர்கள் சிரிப்பைப் போர்த்திக்கொள்கிறார்கள் போலும்.

1971 டிசம்பர் 16இல் டாக்காவில் பாகிஸ்தான் படை சரணடைந்தது. கைதிகள் ஏறத்தாழ 93,000 பேர். கொள்ளையும் பெண்களிடம் அத்துமீறலும் கூடவே கூடாது என்று தாம் படையினருக்கு ஆணையிட்டதை, 1998இல், எண்பத்து நான்கு வயதில், வெலிங்டன் படை அலுவலர் கல்லூரி உரையில் நினைவுகூர்ந்தார். போருக்குப் பின் லாகூர் சென்றபோது ஆளுநர் மாளிகைப் பணியாளர் ஒருவர் தலைப்பாகையைக் கழற்றித் தம் காலடியில் வைத்ததையும் சொன்னார். அம்மனிதரின் மக்கள் ஐவர் இங்கே கைதிகள். தங்களிடம் குர்ஆன் இருப்பதாகவும், தாங்கள் கட்டிலிலும் இந்தியச் சிப்பாய்கள் தரையிலும் உறங்குவதாகவும் அவர்கள் எழுதியிருந்தார்களாம்.

பத்ருப் போரில் கைதியான அபூ அஸீஸ், முஸ்அப் இப்னு உமைர் (ரலி) அவர்களின் சகோதரர். நபி (ஸல்) அவர்களின் கட்டளைப்படி தம்மைப் பிடித்தவர்கள் தமக்கு ரொட்டியைத் தந்துவிட்டுத் தாங்கள் பேரீச்சம்பழத்தை உண்டதை, பிற்காலத்தில் சொன்னவர் அவரேதான். கைதி வாய் திறந்ததால் நமக்குக் கிடைத்த செய்தி அது.

நம் மஹல்லாவிலும் பட்டாளத்தில் பணியாற்றிய பெரியவர் ஒருவர் இருந்தார். பல்லாண்டுகள் முன்வரிசையில் தொழுதவர். போரைப் பற்றி ஒரு சொல்லும் பேசியதில்லை. ஒரு நோன்பு மாலையில், கஞ்சிக் கிண்ணத்தைக் கையில் வைத்துக்கொண்டு, 1971க்குப் பின் கைதிகள் முகாமில் காவல் நின்றபோது கம்பிக்கு அப்பாலிருந்த ஒருவர், “மஃரிப் நேரம் ஆகிவிட்டதா?” என்று கேட்டதை மட்டும் சொன்னார். மேலே சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. மறு ரமளானுக்கு முன்பே அவருக்கு ஜனாஸா தொழுவித்தேன்.

பட்டாளத்து ஓய்வூதியம் பெறும் இரு பெரியவர்கள் இன்று நம்மோடு அமர்ந்திருக்கிறார்கள். இஷாவுக்குப் பின் தேநீர் உண்டு. இளைஞர்கள் அவர்களருகே அமருங்கள். வஸ்ஸலாம்.