பெயரன் தாங்கும் பெயர்

(சீர்காழியில் கூடிய நம் சங்க மாதக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



பன்னிரண்டு பெயர் பெற்ற ஊரில் நின்று பெயரைப் பற்றிப் பேசுதல் எளிதன்று. பிரமபுரம், வேணுபுரம், தோணிபுரம், கழுமலம் என ஒவ்வொன்றிற்கும் ஒரு வரலாறு உண்டு. நம் பாட்டிமார் அவற்றை அறிந்திருந்தனர். நாமோ, வீட்டிற் பிறந்த குழந்தையின் பெயர்ப் பொருளையும் கைப்பேசியிற் காணும் பட்டியலைக் கேட்டே அறிகின்றோம். அப்பட்டியலை எழுதினவர் யாவர் என வினவுவாரில்லை.

அண்மையில் நம் அங்கத்தினர் ஒருவர் தம் பேரனுக்குச் சட்டைநாதன் என்னும் தம் தந்தையார் பெயரை இட விரும்பினார். முன்னோர் பெயரைத் தாங்குதலாலன்றோ பெயரன் என்னும் சொல்லே பிறந்து, பேரன் என மருவிற்று? ஆயினும் வீட்டிளைஞர், “சட்டைக்குத் தலைவனா?” என நகைத்துத் தடுத்துவிட்டனராம்.

நம் கோயிலில் கீழே பிரமபுரீசர், இடையே தோணியப்பர், மேலே சட்டைநாதர் என மூன்று நிலைகளில் இறைவன் எழுந்தருளியிருக்கின்றார். உலகளந்த திருமாலின் செருக்கை அடக்கி, அவர் தோலைச் சட்டையாகப் போர்த்தமையால் வந்த திருநாமம் என்பது தலவரலாறு. துணிக்கடையில் தொங்கும் சட்டை அன்று. இதனினும் வேடிக்கை ஒன்றுண்டு. பேச்சில் ‘சட்டநாதன்’ எனக் குறுகியதைக் கொண்டு ‘சட்டத்தின் தலைவன்’ எனப் பொருள் கூறி மகிழ்வாரும் உளர். வழக்கறிஞர் வீட்டிற்கு அது பொருந்தலாம், பெயருக்குப் பொருந்தாது.

வைத்தீசுவரன்கோயில் அம்மை தையல்நாயகியின் பெயருக்கும் இதே கதிதான். தையல் என்றவுடன் ஊசியும் நூலுமே நினைவிற்கு வருகின்றன. அழகுக்கும் பெண்ணுக்கும் அது பழஞ்சொல். ஔவையார் ஆத்திசூடியில் பெண் என்னும் பொருளிலேயே வழங்கினார்.

எனினும் அகராதி மட்டும் போதாது. நம் தாலுகாவைச் சேர்ந்த பூம்புகாரிற் பிறந்த கோவலன் தன் மகளுக்கு மணிமேகலை எனப் பெயரிட்டான். அகராதியோ மணிகள் பதித்த இடையணி என்று சொல்லும். அவன் அணியை எண்ணி இட்டானல்லன். நடுக்கடலில் தன் முன்னோனைக் காத்த தெய்வத்தின் பெயரை இட்டான். ஆகவே சொல்லின் பொருள் வேறு, பெயர் வந்த வழி வேறு.

ஓரெழுத்தும் பொருளை மாற்றும். முதலாம் இராசராசனது இயற்பெயரைத் தமிழ்க் கல்வெட்டுகளில் வரும் அருமொழிதேவ வளநாடு முதலியன அருமொழி எனக் காட்டும். திருவாலங்காட்டுச் செப்பேடு அருண்மொழிவர்மன் என்னும். முன்னது அரிய மொழி. பின்னது அருள் மொழி. இன்று பிள்ளைகட்கு இடும் அருள்மொழிவர்மன் என்னும் வடிவம் கல்கியின் ‘பொன்னியின் செல்வன்’ (1950–1954) வாயிலாகப் பரவியது. எதனையும் இடலாம், எங்கிருந்து எடுத்தோம் என்பதை அறிந்து இடவேண்டும்.

வடமொழிப் பெயராயின் வடமொழி முறையிற் பிரித்துப் பார்த்தல் வேண்டும். நாகப்பட்டினத்திற் பிறந்த வேதாசலனார் தம் பெயரை வேதம், அசலம் எனப் பிரித்தன்றோ மறைமலை ஆயினார்?

சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதி 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாய் வெளிவந்தது. அதே கைப்பேசியிலேயே இன்று அதனைக் காணலாம். பெயரிட அவசரமும் வேண்டா. பிறப்பைப் பெயரின்றியே பதிந்து, 12 மாதத்திற்குள் கட்டணமின்றியும், பின்னர் 15 ஆண்டு வரை தாமதக் கட்டணத்துடனும் பெயரைச் சேர்க்க விதி உண்டு. பதிந்த பெயரை மாற்றுதலே தொல்லை. அதற்குள் வீட்டு முதியோரிடம் குடும்பப் பெயர்களைக் கேட்டு, யாருக்கு எதனால் இட்டனர் என்பதையும் சேர்த்து எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.